நிற்காமல் தாண்டும் எல்லை

திருவனந்தபுரத்திலிருந்து கன்னியாகுமரிக்கு ஒரு நாள் சுற்றுலா. அரண்மனை உண்டு, கோயில் உண்டு, கடல் உண்டு. ஒரு நாடு இரண்டான இடம் மட்டும் பட்டியலில் இல்லை.

காலை ஏழரை மணிக்குத் தம்பானூரிலிருந்து புறப்படும் சுற்றுலா பஸ்ஸுக்கு அன்று மூன்றே வேலைகள்: பத்மநாபபுரம் அரண்மனை, சுசீந்திரம் கோயில், கன்னியாகுமரிக் கடல். இரவு ஒன்பது மணி வாக்கில் புறப்பட்ட இடத்துக்கே திரும்பியாக வேண்டும். கேரள சுற்றுலா வளர்ச்சிக் கழகம் பல ஆண்டுகள் நடத்திப் பிரபலமாக்கிய ஏற்பாடு இது. பிறகு வந்த தனியார் வண்டிகளும் வேன்களும் ஏறக்குறைய இதே தடத்தில்தான் ஓடுகின்றன. ஒரு வழித் தூரம் 90 கி.மீ.க்குச் சற்றுக் குறைவு. வரைபடத்தில் பார்த்தால் ஒன்றரை மணி நேரத்து விஷயம். ஆனால் இந்தச் சாலையில் ஓர் ஊர் முடிந்து இன்னொன்று தொடங்குவதே தெரியாது. வீடு, கடை, சர்ச், கோயில், மீண்டும் வீடு. நடுவே வயல் தெரிந்தால் அதிர்ஷ்டம். பதின்மூன்றரை மணி நேரப் பயணத்தில் பாதி நேரம் இருக்கையிலேயே கழிந்துவிடும்.

இதனால் சுற்றுலாவின் உண்மையான வழிகாட்டி கடிகாரம்தான். அரண்மனைக்குத் திங்கட்கிழமை விடுமுறை. அங்கே ஆற அமரப் பார்த்தால் சுசீந்திரத்தில் மதிய நடை சாத்திவிடுவார்கள். சுசீந்திரத்தில் தாமதித்தால் விவேகானந்தர் பாறைக்குப் படகு கிடைக்காது. சூரியன் யாருக்காகவும் காத்திருப்பதில்லை. எங்காவது நேரத்தை மிச்சம் பிடிக்க வேண்டும் என்றால் அதற்கு ஒரே இடம்தான் உண்டு: நகரத்தை விட்டு வெளியேறியதிலிருந்து தக்கலையில் அரண்மனைக்குத் திரும்பும் வரையுள்ள சாலை. இங்கே பஸ் நிற்காது. அதிகாலையில் எழுந்து வந்த பயணிகளில் பாதிப் பேர் கண்ணயர்ந்துவிடுவார்கள். பாலராமபுரம், நெய்யாற்றின்கரை, அமரவிளை, பாறசாலை, களியக்காவிளை என்று ஜன்னலுக்கு வெளியே போகும் பெயர்கள் யாருடைய கேமராவிலும் விழுவதில்லை.

வடநாட்டுப் பயணிக்கு இதில் நஷ்டம் எதுவும் தெரியாது. தமிழ்ப் பயணிக்குத் தெரிய வேண்டும்.

பாலராமபுரத்தையே எடுத்துக்கொள்ளலாம். கேரளத்தின் ஓணப் புடவைக்கும் கசவு வேட்டிக்கும் பேர்போன கைத்தறி ஊர். புவிசார் குறியீடு பெற்ற துணி. பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பாலராமவர்மா மகாராஜா காலத்தில், திவான் உம்மிணித் தம்பியின் முயற்சியில், இங்கே கொண்டுவந்து குடியமர்த்தப்பட்ட சாலியர்கள் தமிழ்நாட்டு நெசவாளர்கள். ஒற்றைத் தெரு, இரட்டைத் தெரு, புதுத் தெரு, விநாயகர் தெரு என்று அவர்களுக்கு ஒதுக்கிய தெருக்கள் நெடுஞ்சாலையை ஒட்டியே இருக்கின்றன. மலையாளி மணப்பெண் உடுத்தும் வெள்ளைப் புடவையின் பூர்வீகத்தில் ஒரு தமிழ்த் தறி இருக்கிறது. மைக்கில் சொல்ல அரை நிமிடம் போதும்.

நெய்யாற்றின்கரையில் பஸ் வேகம் குறைவது நெரிசலால். உள்ளே கிருஷ்ணசுவாமி கோயில் முற்றத்தில் ஒரு பழைய பலாமரத்தின் மிச்சம் பாதுகாக்கப்படுகிறது. எதிரிகள் துரத்தியபோது இளவரசர் மார்த்தாண்டவர்மா ஒளிந்திருந்து உயிர் தப்பியதாகச் சொல்லப்படும் 'அம்மச்சிப் பிலாவு' இதுதான். அந்த மனிதர் பிழைத்ததால்தான் திருவிதாங்கூர் என்ற பெரிய ராஜ்ஜியமே உருவாயிற்று. இன்னும் ஒன்றரை மணி நேரத்தில் பயணிகள் பார்க்கப்போகும் அரண்மனையை இன்றைய வடிவில் எழுப்பியவரும் அவரே. கதையின் முதல் அத்தியாயத்தைத் தாண்டிக் குதித்துவிட்டு மூன்றாவதைப் படிக்கும் வாசகர்களாகப் பயணிகள் அரண்மனையில் போய் இறங்குகிறார்கள்.

அமரவிளையில் நெய்யாற்றைக் கடந்தால் பாறசாலை. கேரளத்தின் தென்கோடி. பெயரில் உள்ள 'சாலை' எந்தச் சாலை என்று தமிழ் படித்தவர்கள் யோசிக்க இடமுண்டு. இந்தப் பகுதியில் பழங்காலத்தில் சாலை என்றால் வண்டி போகும் வழியல்ல. மாணவர்களுக்கு உணவும் இடமும் கல்வியும் தந்த நிறுவனம். ஆய் மன்னன் கருநந்தடக்கன் கி.பி. 866-ல் நிறுவிய பார்த்திவசேகரபுரம் சாலை இங்கிருந்து அதிக தூரமில்லை, முஞ்சிறைக்குப் பக்கம். 95 மாணவர்களுக்கு இடம் என்று செப்பேடு கணக்குச் சொல்கிறது. தொல்காப்பிய அரங்கேற்றத்தைக் கேட்டுக் குறை நீக்கியவராகப் பாயிரம் குறிப்பிடும் அதங்கோட்டாசானின் ஊர், களியக்காவிளையை அடுத்துள்ள அதங்கோடுதான் என்பதும் இப்பகுதி மக்களின் உறுதியான நம்பிக்கை. தமிழின் முதல் இலக்கண நூலோடு உறவு கொண்டாடும் ஊரைச் சுற்றுலா பஸ் கவனிக்காமல் கடந்துவிடுகிறது.

பாறசாலையைத் தாண்டி இஞ்சிவிளை; அடுத்து களியக்காவிளை. இங்கே கேரளம் முடிந்து தமிழ்நாடு தொடங்குகிறது. பார்ப்பவருக்குத் தெரியும் ஒரே மாற்றம் கடைப் பலகைகளின் எழுத்து. அதுவும் ஒரேயடியாக மாறுவதில்லை. கொஞ்ச தூரத்துக்கு இரண்டும் கலந்து கிடக்கும். பேச்சு மாற இன்னும் அதிக தூரம் போக வேண்டும். எல்லைக்கு இந்தப் பக்கத் தமிழர் 'ஞாபகம்' என்பதற்கு 'ஓர்மை' என்பார். குதிப்பதைச் 'சாடுவது' என்பார். மலையாள வாடை என்று மதுரைக்காரர் சிரிக்கலாம். இரண்டுமே நல்ல பழந்தமிழ்.

இந்தக் கோடு வெறும் 1956-ம் ஆண்டுச் சமாச்சாரம். அதற்கு முன் தம்பானூரிலிருந்து கன்னியாகுமரி வரை ஒரே அரசு. திருவிதாங்கூரின் தமிழ் பேசும் தாலுகாக்களைச் சென்னை மாநிலத்தோடு சேர்க்க வேண்டும் என்று நேசமணி தலைமையில் திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் போராடியது. 1954 ஆகஸ்ட் 11-ம் தேதி மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் போலீஸ் துப்பாக்கிச் சூடு நடந்தது. பலர் செத்தார்கள். ஆட்சியில் இருந்தது பட்டம் தாணுப்பிள்ளையின் பிரஜா சோஷலிஸ்ட் அரசு. சொந்தக் கட்சியின் அரசே ராஜினாமா செய்ய வேண்டும் என்று ராம் மனோகர் லோகியா கேட்டதால் அக்கட்சியே கலகலத்துப் போனது தேசிய அரசியலில் பதிவான கதை. 1956 நவம்பர் 1-ல் தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு தாலுகாக்கள் தமிழ்நாட்டுக்கு வந்தன. கேட்டதெல்லாம் கிடைக்கவில்லை. தேவிகுளம், பீர்மேடு போல நெய்யாற்றின்கரையும் அந்தப் பக்கமே நின்றுவிட்டது. அதனால் இன்றும் ஒவ்வொரு நவம்பர் 1-ம் தேதியும் பாறசாலையில் கேரளப் பிறவி. நடந்து போகும் தூரத்தில் உள்ள களியக்காவிளையில் தாய்த் தமிழகத்தோடு இணைந்த நாள்.

மார்த்தாண்டத்தில் இப்போது நீண்ட இரும்பு மேம்பாலம் இருக்கிறது. சுற்றுலா வண்டிகள் அதில் ஏறி, கீழே உள்ள ஊரை மிதிக்காமலே போய்விட முடியும். பயண நேரம் மிச்சம்தான். மேலே போகிறவருக்குக் கீழே எந்த மண் என்று சொல்ல மட்டும் ஆளில்லை.

எல்லையைச் சுற்றுலாவாக்குவது விபரீத யோசனை அல்ல. அயர்லாந்தில் டப்ளின் நகரத்திலிருந்து இதேபோல நீண்ட ஒரு நாள் பஸ் பயணங்கள் உண்டு. அவற்றில் ஒன்று வடக்கே 'ஜயன்ட்ஸ் காஸ்வே' என்ற கடலோரப் பாறை அதிசயத்துக்குப் போகிறது. வழியில் அயர்லாந்துக் குடியரசு முடிந்து பிரிட்டனின் வட அயர்லாந்து வந்துவிடும். 1998 சமாதான ஒப்பந்தத்துக்குப் பிறகு ராணுவக் காவல் சாவடிகள் போய்விட்டதால் எல்லை கண்ணுக்குத் தெரிவதில்லை. வேக வரம்புப் பலகையில் கிலோமீட்டர் போய் மைல் வரும். சாலையோரத்து மஞ்சள் கோடு வெள்ளையாகும். அவ்வளவுதான். ரத்தம் சிந்திய எல்லை அது. களியக்காவிளையோடு ஒப்பிடவே கூடாது. ஆனால் பலகையில் எழுத்து மாறும் இடத்தில்தான் ஒரு நாட்டின் கதை கிடைக்கும் என்பது இரண்டு பாதைக்கும் பொது.

களியக்காவிளையிலும் கோடு எப்போதும் கண்ணுக்குத் தெரியாமல் இருந்ததில்லை. 2017-ல் ஜி.எஸ்.டி. வரும் வரை வணிக வரிச் சோதனைச் சாவடிகளில் லாரிகள் வரிசை கட்டி நின்றன. 2020 கொரோனா ஊரடங்கில் இந்த எல்லை அடைக்கப்பட்டபோதுதான், பெண் கொடுத்து எடுத்து, சந்தைக்கும் ஆஸ்பத்திரிக்கும் அங்கும் இங்கும் போய்வந்த குடும்பங்களுக்குத் தாங்கள் இரண்டு மாநிலத்தார் என்பது உறைத்தது. விவசாயிக்கு அது முன்பே உறைத்துவிட்டது. நெய்யாறு அணையின் இடதுகரைக் கால்வாயில் விளவங்கோடு தாலுகாவுக்கு வந்துகொண்டிருந்த தண்ணீரை 2004-ல் கேரளம் நிறுத்தியது. 2012-ல் தமிழ்நாடு உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. காலையில் அமரவிளைப் பாலத்தில் பயணிகள் பார்த்த, அல்லது பார்க்காமல் தூங்கிய, ஆறுதான் அது.

தக்கலையில் இறங்கியதும் இன்னொரு விசித்திரம். பத்மநாபபுரம் அரண்மனை இருப்பது தமிழ்நாட்டில். நிர்வகிப்பது கேரளத் தொல்லியல் துறை. மண் ஒருவருக்கு, மாளிகை மற்றவருக்கு என்ற ஏற்பாடு. நுழைவுச்சீட்டுப் பணம் எல்லை தாண்டித்தான் போகிறது. கொடுத்த காசுக்கு அரண்மனை ஏமாற்றாது. ஆயிரம் பேர் உட்கார்ந்து சாப்பிடும் ஊட்டுப்புரை, மந்திர சாலையின் கண்ணாடி போன்ற கருப்புத் தரை, பல வகை மூலிகை மரங்களால் செய்த கட்டில், தலை குனிந்தே நுழைய வேண்டிய வாசல்கள். தரைக்குச் சுண்ணாம்போடு சிரட்டைக் கரியும் முட்டை வெள்ளைக்கருவும் சேர்த்தார்கள் என்று சொல்லும்போது கூட்டம் குனிந்து தொட்டுப் பார்க்கிறது. மர வேலையில் இதற்கு இணை தென்னாட்டில் அபூர்வம். 2014-ல் யுனெஸ்கோவின் உத்தேசப் பட்டியலிலும் இடம் பிடித்தது. இருந்தாலும் பெரும்பாலான பயணிகள் தேடுவது 1993-ல் வந்த 'மணிச்சித்திரத்தாழ்' படம் எடுத்த இடத்தைத்தான்! 1795 வாக்கில் தலைநகரம் திருவனந்தபுரத்துக்குப் போன பிறகு ராஜாக்கள் இல்லாத இந்த வீட்டுக்கு, சினிமா புது வாரிசுகளைக் கொடுத்திருக்கிறது.

மற்றவை பயணிகள் எதிர்பார்த்தபடியே. சுசீந்திரத்தில் ஆண்கள் சட்டையைக் கழற்ற வேண்டும். இசைத் தூண்கள், 18 அடி அனுமன். கீழ்ச்சாதியார் என்று ஒதுக்கப்பட்டவர்கள் இந்தக் கோயில் தெருவில் நடக்கும் உரிமைக்காகச் சத்தியாகிரகம் செய்ததையும், 1936 நவம்பர் 12-ல் ஆலயப் பிரவேசப் பிரகடனம் வந்ததையும் சொல்ல அவசரத்தில் நேரமிருப்பதில்லை. கன்னியாகுமரியில் 1970-ல் திறந்த விவேகானந்தர் மண்டபம், 2000-ம் ஆண்டு முதல் நிற்கும் 133 அடி வள்ளுவர், இரண்டையும் இணைத்து 2024 டிசம்பரில் திறந்த கண்ணாடிப் பாலம். சூரியன் கடலில் விழுவதைக் காணலாம் என்ற உறுதிமொழியை மாதம் பார்த்து நம்ப வேண்டும். ஜூன் வாக்கில் சூரியன் வடக்கே ஒதுங்கி நிலத்தின் பக்கம் மறைந்துவிடும்; மார்கழியில் ஏமாற்றாது.

இதே பாதையில், எதிர்த் திசையில், இன்னொரு பயணமும் ஒவ்வொரு ஆண்டும் நடக்கிறது. அதற்குக் கடிகாரம் கிடையாது. தலைநகரம் மாறியும் தெய்வங்களுடன் உறவு விடவில்லை என்று திருவிதாங்கூர் அரச குடும்பம் ஏற்படுத்திய நவராத்திரி எழுந்தருளல் அது. பத்மநாபபுரம் தேவாரக்கட்டு சரஸ்வதி, வேளிமலைக் குமாரசுவாமி, சுசீந்திரம் முன்னுதித்த நங்கை ஆகிய மூவரும் திருவனந்தபுரத்துக்குப் புறப்படுகிறார்கள். அரண்மனையில் அரச உடைவாள் கைமாறும் சடங்குக்குக் கேரள அமைச்சர்கள் தமிழ்நாட்டுக்கு வருவார்கள். சரஸ்வதி கம்பர் பூஜித்தவள் என்பது ஐதீகம். முதல் இரவு குழித்துறை. மறுநாள் களியக்காவிளையில் கேரளத்தின் வரவேற்பு, போலீஸ் மரியாதை. தமிழ்நாட்டுப் போலீஸ் விட்ட இடத்தில் கேரளப் போலீஸ் தொடரும். பகலில் பாறசாலை மகாதேவர் கோயிலில் இளைப்பாறி, இரவு நெய்யாற்றின்கரை கிருஷ்ணசுவாமி கோயிலில் தங்கல். மூன்றாம் நாள்தான் தலைநகரம். பஸ் இரண்டு மணி நேரத்தில் கடக்கும் தூரத்துக்குத் தெய்வங்களுக்கு மூன்று பகல் தேவைப்படுகிறது.

அங்கே நவராத்திரி மண்டபத்தில் சரஸ்வதியின் முன் ஒன்பது நாள் கச்சேரி. பெண் தெய்வத்தின் சன்னதியில் பாடப் பெண்களுக்கு மட்டும் இடமில்லை என்ற வழக்கம் 2006 வரை நீடித்தது. அந்த ஆண்டு அதை மாற்றி முதன்முதலாக அங்கே பாடியவர், எண்பது வயதைத் தாண்டிய ஒரு தமிழ்ப் பெண்மணி. 1924-ல் பிறந்து 2021-ல் மறைந்தவர். பெயர், பாறசாலை பி. பொன்னம்மாள்.

திருவிழா முடிந்து மூவரும் அதே சாலையில் திரும்புகிறார்கள். நெய்யாற்றின்கரையிலும் பாறசாலையிலும் வீட்டு வாசலில் குத்துவிளக்கு ஏற்றி வைத்துச் சனங்கள் காத்து நிற்பார்கள். சுற்றுலா பஸ் கன்னியாகுமரியிலிருந்து திரும்பி அந்த வாசல்களைக் கடக்கும்போது இருட்டிவிட்டிருக்கும். உள்ளே விளக்கை அணைத்திருப்பார்கள்.