எம்.ஜி.ஆர் படத்தை சீரியஸா பார்த்தவர்: எம்.எஸ்.எஸ். பாண்டியன்

ஆவடியிலிருந்து அம்பத்தூர் ஆபீஸ் போற வழியில எந்த ஆட்டோ ஸ்டாண்டைப் பார்த்தாலும் தொப்பி, கறுப்புக் கண்ணாடியோட எம்.ஜி.ஆர் சிரிக்கிறார். அவர் இறந்து பத்து வருஷம் கழிச்சுப் பிறந்தவன் நான். எங்க ஆயா இன்னும் அவருக்குத்தான் ஓட்டுப் போடுறதா சொல்லுவாங்க. 1987 டிசம்பர் 24-க்கு அப்புறம் மூணு நாள் வீட்டுல அடுப்பு எரியலையாம்.

ஒரு காலத்துல இதை நான் சிரிச்சிட்டுக் கடந்துபோயிருப்பேன். அப்படிச் சிரிக்கக் கூடாதுன்னு எனக்குச் சொல்லிக்கொடுத்தவர் எம்.எஸ்.எஸ். பாண்டியன்.

அவர் முதல்ல எழுதினது சினிமா பத்தி இல்ல. நாஞ்சில்நாட்டு விவசாயப் பொருளாதாரம். 1990-ல அது புத்தகமா வந்துச்சு. அடையாறுல இருக்குற எம்ஐடிஎஸ் ஆய்வு நிறுவனத்துல வேலை. அங்க இருந்துகிட்டு 1992-ல ஆங்கிலத்துல ‘தி இமேஜ் ட்ராப்’ எழுதினார். தமிழ்ல ‘பிம்பச் சிறை’ன்னு பூ.கொ. சரவணன் மொழிபெயர்த்திருக்கார். படித்தவர்கள் சினிமாவைக் கீழாகப் பார்த்த ஊர்ல, ஒரு பொருளாதார ஆய்வாளர் ‘படகோட்டி’யையும் ‘ரிக்‌ஷாக்கார’னையும் எடுத்துவெச்சு ஆராய்ந்தார்.

அவர் கேட்ட கேள்வி ரொம்ப நேரடியானது. எம்.ஜி.ஆர் ஆட்சியில ஏழைங்ககிட்ட இருந்து வரியா, குறிப்பா சாராய வருமானமா, நிறைய பணம் போச்சு. லாபம் பார்த்தவங்க சாராய முதலாளிகள் மாதிரி ஆட்கள். அப்படியிருந்தும் அதே ஏழைங்க ஏன் அவரைக் கொண்டாடினாங்க?

‘ஏமாந்துட்டாங்க’ன்னு ஒரே வார்த்தையில முடிச்சிருக்கலாம். பாண்டியன் நாட்டுப்புறக் கதைப்பாடல்களுக்குப் போறார். மதுரை வீரன், காத்தவராயன், முத்துப்பட்டன் எல்லாரும் சாதியை மீறிக் காதலிச்சவங்க, அதிகாரத்தை எதிர்த்தவங்க. கதை முடியும்போது செத்துப்போறவங்க. எம்.ஜி.ஆர் படத்துல அதே ஹீரோ வர்றான். சாட்டையைப் பிடுங்குறான், பணக்கார வீட்டுப் பெண்ணைக் கல்யாணம் பண்றான், ஆனா சாகமாட்டான். (1956-ல வந்த ‘மதுரை வீரன்’ல சாவார், அது விதிவிலக்கு.) தலைமுறை தலைமுறையா தோத்த கதையைக் கேட்டவங்களுக்கு ஜெயிக்கிற கதை கிடைச்சது. ஆனா ஜெயிக்கிறது ஒருத்தன் மட்டும்தான். மத்தவங்க அவனுக்காகக் காத்திருக்கணும். அதைத்தான் அவர் சிறைன்னு சொல்றார்.

இதுல எனக்கு ஒரு சண்டை இருக்கு. ஆயாகிட்ட இந்த வரிக் கணக்கைச் சொன்னப்ப, “உங்கம்மா பள்ளிக்கூடம் போனது சத்துணவுக்குத்தாண்டா”ன்னாங்க. 1982-ல அந்தத் திட்டம் விரிவானப்ப அம்மாவுக்கு எட்டு வயசு. பாண்டியனோட கணக்குல அந்த ஒரு தட்டு சோறோட எடை கொஞ்சம் குறைவா விழுந்துடுச்சோன்னு எனக்குத் தோணும்.

என்னை உண்மையிலேயே உலுக்கினது 2002-ல ஈபிடபிள்யூ இதழ்ல அவர் எழுதின கட்டுரை. ஆர்.கே. நாராயணோட சுயசரிதையிலிருந்து ஆரம்பிக்கிறார். அதுல சாதி, சாதின்னு பேர் சொல்லி வர்றது ரொம்பக் குறைவு. மேல்சாதிக்காரர் சாதியை வேற பேர்ல பேச முடியும், சாப்பாடு, பழக்கவழக்கம், ரசனைன்னு. மத்தவங்க வாயைத் திறந்தா ‘ஏன் சாதி பேசுற’ன்னு கேள்வி வரும். நவீனம்ங்கிறதே இந்த ஏற்பாட்டோடதான் வந்துச்சுங்கிறார்.

நான் முதல்ல வேலை பார்த்த ஆபீஸ்ல யாரும் சாதி கேட்டதில்ல. “வீட்டுல நான்-வெஜ்ஜா?”, “சொந்த ஊர்ல எந்தத் தெரு?”, “அப்பா பேருக்குப் பின்னாடி ஒண்ணும் இல்லையா?” இதெல்லாம் டீ குடிக்கும்போது சாதாரணமா வரும். எந்த டீக்குப் பிறகு என் டேபிள்ல லஞ்ச் கூட்டம் குறைஞ்சதுன்னு எனக்குத் தெரியும், நிரூபிக்க முடியாது. கட்டுரையைப் படிச்சப்பதான் அது என் கற்பனை இல்லன்னு புரிஞ்சுது.

இன்னொண்ணு. 2012-ல என்சிஇஆர்டி பாடப்புத்தகக் கார்ட்டூன்கள் பிரச்சினையாச்சு. இந்தி எதிர்ப்புப் போராட்டம் பத்தின கார்ட்டூனுக்கு இங்க கடும் எதிர்ப்பு. ஆராய அமைச்ச குழுவுல அவரும் இருந்தார். திராவிட இயக்கத்தைப் பரிவோட எழுதினவர், கார்ட்டூன்களை நீக்க வேண்டாம்னு தனியா மறுப்புக் குறிப்பு எழுதினார். கடைசியா டெல்லி ஜேஎன்யூவுல வரலாற்றுப் பேராசிரியர். 2014 நவம்பர் 10 அங்கேயே இறந்துட்டார்.

‘பிம்பச் சிறை’யில கதைப்பாடல் வர்ற பகுதியை ஆயாவுக்கு வாசிச்சுக் காட்டினேன். காத்தவராயன் கழுவேறுற இடத்துல நிறுத்தச் சொல்லிட்டு, மீதிக் கதையை அவங்களே சொன்னாங்க. அந்த ரெக்கார்டிங் அடுத்த எபிசோடுல.