புலம்பெயர் மேலைநாடுகளில் தேவாரப் பயிற்சி: ஒலி, பண், தலம் – வடதிருமுல்லைவாயில் பதிகத்தை முன்வைத்து

ஆய்வுச் சுருக்கம்

மேலைநாடுகளில் குடியேறிய தமிழரின் கோயில்களில் தேவாரம் தொடர்ந்து ஓதப்படுகிறது. ஆயினும் அங்குப் பிறந்து வளரும் தலைமுறை அதனைக் கற்கும் சூழல் தமிழகச் சூழலினின்றும் வேறுபட்டது. ஒலி, பண், தலம் ஆகிய மூன்றும் அங்கு எவ்வாறு கைமாறுகின்றன என்பதைச் சுந்தரரின் வடதிருமுல்லைவாயில் பதிகத்தைச் சான்றாகக் கொண்டு இக்கட்டுரை விளக்குகிறது.

திறவுச்சொற்கள்: தேவாரம், பண், ஒலிபெயர்ப்பு, பஞ்சபுராணம், திருமுல்லைவாயில், புலம்பெயர் தமிழர்.

முன்னுரை

ஆவடியையும் பூந்தமல்லியையும் இணைக்கும் சாலையில் அமைந்த ஊர் பருத்திப்பட்டு. இதன் சுற்றுவட்டாரத்தில் பாடல் பெற்ற தலங்கள் உள்ளன. திருவேற்காட்டைச் சம்பந்தரும் (1:57), வடதிருமுல்லைவாயிலைச் சுந்தரரும் (7:69) பாடியுள்ளனர். இப்பகுதியில் வளரும் மாணவருக்குப் பதிகத்தில் வரும் தலப்பெயர், நாள்தோறும் பேருந்தில் காணும் ஊர்ப்பெயரே. இலண்டனிலோ டொராண்டோவிலோ அதே பதிகத்தைக் கற்கும் மாணவருக்கு அப்பெயர் ஓர் ஒலிக்கோவையாக மட்டுமே நின்றுவிடக்கூடும். இவ்வேறுபாடே இக்கட்டுரையின் தொடக்கப்புள்ளி.

பயிற்சிச் சூழல்

ஆறுமுக நாவலர் 1848இல் வண்ணார்பண்ணையில் சைவப்பிரகாச வித்தியாசாலையை நிறுவியது முதல், ஈழத்தில் திருமுறைக் கல்வி பள்ளியோடு பிணைந்து வளர்ந்தது. 1983ஆம் ஆண்டு வன்முறைக்குப் பின் ஈழத்தமிழர் பெருந்தொகையினராக மேலைநாடுகளுக்குப் பெயர்ந்தனர். இலண்டன் ஹைகேட் முருகன் கோயில் (1986), ஜெர்மனியின் ஹம் நகர்க் காமாட்சி அம்பாள் கோயில் (2002) முதலியன எழுந்தன. தாயகத்தில் பள்ளிப் பாடமாக இருந்தது, அங்கு வார இறுதி வகுப்புகளின் பொறுப்பாயிற்று.

பூசையின்போது தேவாரம், திருவாசகம், திருவிசைப்பா, திருப்பல்லாண்டு, பெரியபுராணம் ஆகிய ஐந்திலிருந்தும் பாடல் ஓதும் பஞ்சபுராண மரபு ஈழத்துக் கோயில்களுக்குரியது. ஓதுவார் இல்லாத இடத்திலும் அடியாரே இதனை ஓதுவர். எனவே அடுத்த தலைமுறை கற்பதைப் பொறுத்தே வழிபாட்டின் ஒரு கூறு நிலைபெறுகிறது.

ஒலி

தமிழ் எழுத்தறியா மாணவர் ரோமன் எழுத்தில் பாடல்களைப் படிக்கின்றனர். ஆய்வாளர் பயன்படுத்தும் குறியீட்டு முறை குறில் நெடிலையும் ல, ள, ழ வேறுபாட்டையும் காக்கும். குறியீடற்ற எளிய முறையில் ‘மலை’, ‘மாலை’ இரண்டும் ஒரே வடிவம் பெறலாம். ‘அரன்’, ‘அறன்’ வேறுபாடும் மறையும்.

வடதிருமுல்லைவாயில் பதிகம் இதற்குத் தக்க சான்று. திருவொற்றியூர் எல்லையைக் கடந்து கண்ணொளி இழந்த சுந்தரர், இத்தலத்தை அடைந்து தம் துயரை நீக்குமாறு இறைவனை வேண்டினார் என்கிறது பெரியபுராணம். அவ்வேண்டுதல் ‘களை’ என்னும் வினையில் நிற்கிறது. ‘களை’ என்பது ‘கலை’ என ஒலிக்கப்படுமாயின் இசை பிழையாது; வேண்டுதல் மறைந்துவிடும்.

பண்

இப்பதிகத்தின் பண் தக்கேசி. இன்று காம்போதி இராகத்தில் பாடப்படுகிறது. ஒலிப்பதிவுகள் பெருகிய நிலையில் பண்ணமைதி கடல்கடந்து சேர்வது எளிதாயிற்று. எனினும் பதிவு பாடும், பிழை திருத்தாது. தில்லையில் ஏடுகள் கிடைத்த பின்னரும், பண்ணை அறியத் திருநீலகண்ட யாழ்ப்பாணர் மரபில் வந்த பெண்மணி ஒருவரை நாட வேண்டியிருந்தது எனத் திருமுறைகண்ட புராணம் கூறும். ஏடும் இசையும் தனித்தனி வழிகளில் வந்தவை என்பதையும், இசைக்கு ஆசிரியர் இன்றியமையாதவர் என்பதையும் இவ்வரலாறு உணர்த்துகிறது.

தலம்

தொண்டைமானின் யானையை முல்லைக்கொடி சுற்றித் தடுத்த தலவரலாற்றை இப்பதிகமே சுட்டுகிறது. அதனை அறிந்தவருக்கு ‘முல்லைவாயில்’ பொருளுடைய பெயர். அறியாதவருக்குப் பிரிக்க இயலாத ஒலி. வெள்வேல மரத்தைத் தலமரமாகக் கொண்ட வேற்காட்டின் பெயரும் இத்தகையதே.

பத்திமையோடு ஓதினால் போதும், பொருளறிவு வேண்டியதில்லை என்னும் கருத்தும் உண்டு. மழலையர் பயிற்சிக்கு அது பொருந்தும். கேட்டுப் பாடுவதே முதற்படி. ஆயின் சிவபுராணத்தின் இறுதியில் மாணிக்கவாசகர் பாட்டின் பொருளுணர்ந்து சொல்வோரையே சிறப்பிக்கிறார். ஆதலின் பொருளறிவை மரபுக்குப் புறம்பான சுமையாகக் கருத இயலாது.

முடிவுரை

மேலைநாட்டுப் பயிற்சியில் பண் பெரிதும் காக்கப்படுகிறது. ஒலி எழுத்துமுறையால் இடர்ப்படுகிறது. தலம் முற்றிலும் விடுபட நேர்கிறது. ஆசிரியர்வாய்க் கேட்டல் முதலிலும், தமிழ் எழுத்து அடுத்தும் அமைதல் வேண்டும். பாடநூலில் சீர்பிரித்த பாடமும் சொற்பிரித்த பாடமும் இணையாக இடம்பெறுதல் நன்று. தலங்களின் நிலக்காட்சி, தலமரம், வழக்காறு ஆகியவற்றைத் தொகுத்து வழங்கும் பணி தமிழகத்துக்கு உரியது. பருத்திப்பட்டைச் சூழ்ந்த தலங்கள் போன்ற சிறு வட்டாரங்களிலிருந்து அதனைத் தொடங்கலாம். புறநகர் விரிவாக்கத்தால் இவ்வூர்களின் பழைய நிலத்தோற்றம் மாறிவரும் நிலையில், அப்பணி உள்ளூர் மாணவருக்கும் பயன்படும்.