மாம்பழ ஐஸ்கிரீமும் சாயப்பட்டறை உப்பும்

திருப்பூரில் சனிக்கிழமை சாயங்காலம் சம்பளம் கைக்கு வரும். ஞாயிறு காலை தென்னம்பாளையம் சந்தையில் கால் வைக்க இடமிருக்காது. மே மாதமென்றால் கறி, மீனோடு மாம்பழமும் பையில் ஏறும். இரண்டு கிலோ செந்தூராவில் பாதி அன்றைக்கே தீர்ந்துவிட, மிச்சத்தைப் பார்த்துப் பிள்ளைகள் ஐஸ்கிரீம் கேட்பார்கள். பழம், பால், சர்க்கரை எல்லாவற்றையும் மிக்ஸியில் ஒரு சுற்று சுற்றி, டப்பாவில் ஊற்றி ஃப்ரீசருக்குள் தள்ளுவார்கள். ராத்திரி எடுத்தால் கரண்டிதான் வளையும், டப்பாவில் இருப்பது அசையாது. எப்படியோ பெயர்த்து வாயில் போட்டால் நறநறவென்று ஐஸ். இனிப்பிலும் வாசத்திலும் குறையே இல்லை, வழுவழுப்பைத்தான் காணோம்.

குற்றவாளி தண்ணீர். பழுத்த மாம்பழத்தின் சதையில் நூற்றுக்கு 80 பங்குக்கு மேல் தண்ணீர்தான். பாலில் 87 பங்கு. இரண்டையும் அரைக்கிலோ அரைக்கிலோ சேர்த்தால், ஒரு கிலோ கலவையில் ஏறக்குறைய 840 கிராம் தண்ணீர் சேர்ந்துவிடுகிறது. ஐஸ்கிரீம் செய்வது என்பது இந்தத் தண்ணீரை எப்படி உறையவைப்பது, எவ்வளவை உறையவிடாமல் தடுப்பது என்ற கணக்குதான். உப்பையும் தண்ணீரையும் பிரிக்கிற வேலையில் பல ஆண்டுகளாக மல்லுக்கட்டிவரும் சாயப்பட்டறை ஊருக்கு இது புதிய கணக்கே அல்ல.

வெறும் தண்ணீர் 0 டிகிரியில் உறையும். அதில் சர்க்கரை கரைந்திருந்தால் மூலக்கூறுகள் குறுக்கே நிற்பதால் இன்னும் கீழே போக வேண்டும். அந்த ஒரு கிலோவுக்கு 150 கிராம் சர்க்கரை போட்டால், பழத்திலும் பாலிலும் இருக்கிற இனிப்பையும் சேர்த்து, கலவை மைனஸ் 2 டிகிரியை ஒட்டித்தான் உறையத் தொடங்கும். அப்போதும் ஒரேயடியாக இறுகிவிடாது. தண்ணீர் மட்டும் தனியே பிரிந்து ஐஸ் படிகமாகிறது. சர்க்கரை மிச்சமிருக்கிற பாகில் ஒதுங்குகிறது. ஒதுங்க ஒதுங்கப் பாகு அடர்ந்துபோய், அது உறையும் புள்ளி இன்னும் கீழே இறங்குகிறது. மைனஸ் 18 டிகிரி ஃப்ரீசரிலும் ஐஸ்கிரீமின் தண்ணீரில் ஒரு பங்கு திரவமாகவே நிற்கும். கரண்டி உள்ளே இறங்குவது அதனால்தான். உடம்புக்கு நல்லது என்று சர்க்கரையைப் பாதியாகக் குறைத்தால் டப்பா கல்லாகிவிடும். நாக்கின் கணக்கு வேறு இருக்கிறது. குளிரில் இனிப்பை உணரும் திறன் மங்குகிறது. உறையப்போகும் கலவை ருசி பார்க்கும்போது கொஞ்சம் திகட்டினால்தான் உறைந்தபின் சரியாக இருக்கும்.

நறநறப்புக்குக் காரணம் படிகத்தின் அளவு. ஒரு மில்லிமீட்டரில் இருபதில் ஒரு பங்குக்கு மேல் வளர்ந்த ஐஸ் படிகத்தை நாக்கு கண்டுபிடித்துவிடும். அதற்குக் கீழே இருந்தால் மென்மை என்றே நினைத்துக்கொள்ளும். மெதுவாக, ஆட்டாமல் குளிரவைத்தால் சில படிகங்களே பிறந்து பெரிதாக வளரும். வேகமாக, கிளறிக்கொண்டே குளிரவைத்தால் எண்ணற்ற படிகங்கள் பிறக்கும். ஒன்றும் வளர முடியாது.

இதே விதியைத் திருப்பூரின் சாயக்கழிவு நிலையங்கள் தலைகீழாகப் பயன்படுத்துகின்றன. தண்ணீரில் நனைந்த பருத்தி நூலின் மேற்பரப்பில் எதிர்மின்னூட்டம் இருக்கிறது, ரியாக்டிவ் சாயத்திலும் அதே மின்னூட்டம். இரண்டும் ஒன்றையொன்று தள்ளும். தள்ளலை அடக்கிச் சாயத்தைத் துணி மேல் ஏற்றச் சாயப்பட்டறைகள் உப்பைக் கொட்டுகின்றன. அடர்ந்த நிறமென்றால் லிட்டர் தண்ணீருக்கு 50 கிராமுக்கு மேல். சாதாரண உப்பு, அல்லது கிளாபர் உப்பு எனப்படும் சோடியம் சல்ஃபேட். துணியில் ஏறுவது சாயம் மட்டும். உப்பு முழுக்கத் தண்ணீரோடு வெளியேறும். அது கலந்து நொய்யல் ஆறு பட்ட பாடு ஊரறிந்தது. 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் சாயப்பட்டறைகளை மூடச் சொன்ன பிறகு, ஒரு சொட்டும் வெளியே விடாத முறைக்கு மாறுவதைத் தவிர அவற்றுக்கு வழியில்லாமல் போனது. கழிவை ஆர்.ஓ. சவ்வில் வடிகட்டி நல்ல தண்ணீரைப் பிரிக்கிறார்கள். எஞ்சிய அடர்கரைசலை ஆவியாக்கி மேலும் சுண்டவைக்கிறார்கள். கிளாபர் உப்பு இருந்தால் குளிரூட்டியில் அதைப் படிகமாக்கி மீட்கிறார்கள். 32 டிகிரியில் 100 கிராம் தண்ணீரில் கிட்டத்தட்ட 50 கிராம் கரையும் சோடியம் சல்ஃபேட், 0 டிகிரியில் சுமார் 5 கிராம்தான் கரையும் என்பதால் குளிர்ந்ததும் பொலபொலவென்று கீழே விழுகிறது. பிரித்து எடுக்க வசதியாக அங்கே படிகம் பெரிதாக வளர வேண்டும். ஐஸ்கிரீமில் வளரவே கூடாது.

இனி பழம். கிருஷ்ணகிரி மாவட்டத்துக் கூழ் ஆலைகள் நம்பியிருப்பது கிளிமூக்கு என்கிற பெங்களூராவை. சதை அதிகம், மணம் சுமார். வீட்டில் செய்யும்போது மணத்தில் சிக்கனம் பார்க்கத் தேவையில்லை. சேலத்து மல்கோவா, அல்போன்சா, இமாம் பசந்த் எதுவானாலும் காம்புப் பக்கம் மூக்கை வைத்தால் வாசம் வர வேண்டும். கார்பைடு கல் வைத்துப் பழுக்கவைத்ததில் தோல்தான் மஞ்சளாகும். உள்ளே சர்க்கரையும் வாசமும் ஏறியிருக்காது. அந்தக் கல்லுக்குச் சட்டத்தில் தடை இருக்கிறது. எத்திலீன் வாயுவை மட்டும் 100 பிபிஎம் வரை உணவுப் பாதுகாப்பு ஆணையம் அனுமதிக்கிறது. செந்தூராவில் நார் இருந்தால் கூழை வடிகட்டியில் தேய்த்து இறக்க வேண்டும். கூழைச் சர்க்கரையோடு அடுப்பில் வைத்துக் கிளறினால் தண்ணீர் குறையும்தான், ஆனால் வாசத்தில் ஒரு பகுதியும் ஆவியோடு போய்விடும். ஆகவே பழத்தை விட்டுவிட்டுப் பாலைச் சுண்டவைப்பதே புத்திசாலித்தனம்.

ஆவின் ஆரஞ்சு பாக்கெட்டில் கொழுப்பு 6 சதவீதம், பச்சையில் 4.5. சட்டப்படி ஐஸ்கிரீம் என்ற பெயரில் விற்க 10 சதவீதப் பால் கொழுப்பு வேண்டும். ஆரஞ்சு பாக்கெட் பால் ஒரு லிட்டரை அரை லிட்டராகச் சுண்டவைத்தால் கொழுப்பு 12ஐ நெருங்கும், பழம் சேர்ந்ததும் மறுபடி இறங்கும். அந்தக் குறையை கிரீம் தீர்த்துவைக்கும். மாம்பழத்தின் மஞ்சளுக்குக் காரணமான பீட்டா கரோட்டினும் வாசப்பொருள்கள் பலவும் கொழுப்பில் கரைபவை. கொழுப்பு ஏறும்போது நிறமும் மணமும் நாக்கில் தங்குகின்றன. அதற்காகப் பாலைக் கோவா பதத்துக்குக் கொண்டுபோகக் கூடாது. பால் சர்க்கரையான லாக்டோஸ் தண்ணீரில் அவ்வளவாகக் கரையாது. அளவு மீறினால் உறையும்போது மணல் மாதிரி படிகமாகும். ஐஸ் வாயில் கரைந்துவிடும், இந்த மணல் சீக்கிரம் கரையாது.

சூடான பாலில் கூழைக் கொட்டுவது அடுத்த தவறு. பால் புரதமான கேசின் 4.6 பிஎச் அளவில் திரியும். மாம்பழக் கூழின் புளிப்பு பெரும்பாலும் அந்தப் பக்கம்தான், சூடும் சேர்ந்தால் கேட்கவே வேண்டாம். இரண்டும் ஃப்ரிட்ஜில் நன்றாகக் குளிர்ந்த பிறகு கலந்தால் வம்பில்லை.

ஊரெங்கும் பேக்கரிப் பொருள் விற்கும் கடைகளில் ஜி.எம்.எஸ்., சி.எம்.சி. என்று இரண்டு பொடிகள் கிடைக்கின்றன. முதலாவது எண்ணெயையும் தண்ணீரையும் சமாதானப்படுத்தும் பொருள். கொழுப்புத் துளிகளை மூடியிருக்கும் புரதத்தைக் கொஞ்சம் விலக்குகிறது. அடிக்கும்போது துளிகள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டு காற்றுக் குமிழிகளைச் சுற்றி வேலி கட்டுகின்றன. இரண்டாவதன் முழுப்பெயர் கார்பாக்ஸிமெத்தில் செல்லுலோஸ். செல்லுலோஸ்தான் பருத்தி. பருத்திக்கொட்டையில் ஒட்டியிருக்கும் குட்டை இழையிலிருந்தோ மரக்கூழிலிருந்தோ இதைத் தயாரிக்கிறார்கள். தண்ணீரைப் பிடித்துவைத்துப் படிகம் வளரவிடாமல் தடுப்பது ஐஸ்கிரீமில் இதன் வேலை. பாவு நூலுக்குக் கஞ்சி போடும் சைசிங் கலவையிலும் இதற்கு இடமுண்டு. ரியாக்டிவ் பிரின்டிங் பசையைக் கெட்டியாக்கும் சோடியம் ஆல்ஜினேட்டும் அப்படியே, ஐஸ்கிரீம் லேபிளிலும் அதைப் பார்க்கலாம். பனியனில் பூப் போட்ட பொருள் கோனிலும் இருக்கிறது என்று சொன்னால் பிள்ளைகள் நம்பமாட்டார்கள். ஒரு எச்சரிக்கை: பெயர் ஒன்று என்பதற்காகச் சாயக் கெமிக்கல் கடைப் பொடி சமையலறைக்கு வரக் கூடாது. உணவுக்கென்று விற்பதன் சுத்தமே வேறு.

பொடி பிடிக்காதவர்களுக்குச் சோளமாவு போதும். ஆறிய பாலில் கரைத்து, பாலோடு கொதிக்கவிட்டால் மாவு வெந்து தண்ணீரை உறிஞ்சிக்கொள்ளும். மாம்பழத்திலேயே பெக்டினும் இருக்கிறது. எலுமிச்சை ஐஸைவிட மாம்பழ ஐஸ் வழவழப்பாக வர அதுவும் ஒரு காரணம்.

வீட்டு ஃப்ரீசருக்கு வேகம் போதாது. ஒரு கிலோ தண்ணீர் உறைய 334 கிலோஜூல் வெப்பத்தை வெளியே எடுத்தாக வேண்டும். பிளாஸ்டிக் டப்பாவைச் சுற்றியிருக்கும் குளிர்காற்று அதை மணிக்கணக்கில் நிதானமாக எடுக்கும். அந்த நிதானத்தில்தான் படிகம் வளர்கிறது. உப்பும் ஐஸும் கலந்த வாளி இதை அரைமணி நேரத்தில் முடித்துவிடும். ஐஸ் உருக வெப்பம் வேண்டும். உப்பு கரைந்த தண்ணீரோ 0 டிகிரியில் திரும்ப உறைய மறுக்கிறது. உருகுதல் மட்டும் நடந்துகொண்டே இருப்பதால் சுற்றியிருக்கும் வெப்பமெல்லாம் உறிஞ்சப்பட்டு, மூன்று பங்கு ஐஸுக்கு ஒரு பங்கு உப்பு என்ற கணக்கில் மைனஸ் 21 டிகிரி வரைகூட இறங்க வாய்ப்புண்டு. 1843இல் பிலடெல்பியாவின் நான்சி ஜான்சன் கைப்பிடி சுற்றும் ஐஸ்கிரீம் வாளிக்குக் காப்புரிமை வாங்கியது இந்தத் தத்துவத்தை வைத்துத்தான். அதற்கு ஓராண்டு முன்னால் சென்னைக் கடற்கரையில் ஐஸ் ஹவுஸ் எழும்பியிருந்தது. பாஸ்டன் பக்கத்து ஏரி ஐஸ் அங்கே கப்பலில் வந்து இறங்கியது. இன்றைக்கு அது விவேகானந்தர் இல்லம்.

கொங்கு வீட்டில் எந்திரம் தேவையில்லை, மூடியுள்ள எவர்சில்வர் தூக்குப்போசி போதும். மெல்லிய தகடு வெப்பத்தைச் சட்டென்று கடத்தும். வாளியில் பொடித்த கட்டி ஐஸும் கல் உப்பும் அடுக்கடுக்காகப் போட்டு நடுவில் போசியைப் புதைக்க வேண்டும். கலவை போசியில் பாதிக்கு மேல் இருக்கக் கூடாது, உப்புத்தண்ணீர் மூடியை எட்டக் கூடாது. வாளியைச் சுற்றிப் பனியன் வேஸ்ட் துணியை இரண்டு மூன்று மடிப்பாகக் கட்டினால், பின்னல் கண்ணிகளுக்குள் நிற்கும் காற்று வெளிச்சூட்டைத் தடுக்கும். திருப்பூரில் இதற்குப் பஞ்சமே இல்லை. போசியை இடமும் வலமுமாகத் திருப்பிக்கொண்டே இருந்து, சில நிமிடங்களுக்கு ஒருமுறை திறந்து, உள்சுவரில் படியும் ஐஸ் ஏட்டை மரக்கரண்டியால் சுரண்டிக் கலந்துவிட வேண்டும். அலுத்துப்போய்ச் சுரண்டாமல் விட்டால் அந்த ஏடு தடித்து, நடுவில் இருப்பதற்குக் குளிர் போகாது. கலவை தோசைமாவுப் பதத்தைத் தாண்டிக் கரண்டியில் நிற்கத் தொடங்கியதும் ஃப்ரீசருக்கு மாற்றி இறுகவிடலாம்.

கிளறும்போது காற்றும் ஏறும். கடை ஐஸ்கிரீம் லிட்டருக்கு 525 கிராமாவது எடை இருக்க வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. லிட்டர் டப்பாவில் கிட்டத்தட்டப் பாதி காற்றாக இருக்கலாம் என்று அர்த்தம். கையால் சுற்றியதில் காற்று மிகக் குறைவு. ஒரு கப் வீட்டு ஐஸ்கிரீம் கனமாக இருப்பது அதனால்.

வாளியில் மிஞ்சும் உப்புத்தண்ணீரைச் செடிக்கு ஊற்றினால் செடி கருகும். அகலமான பிளாஸ்டிக் தட்டில் ஊற்றி மொட்டைமாடியில் வைத்தால் திருப்பூர் வெயில் சில நாளில் உப்பைத் திருப்பிக் கொடுக்கும். சமையலுக்கு ஆகாது, அடுத்த வாளிக்கு ஆகும். கோடிகளைக் கொட்டிச் சாயப்பட்டறைகள் செய்யும் வேலை, இங்கே கரன்ட் பில் இல்லாமல் நடக்கிறது.

செய்த பிறகும் படிகம் சும்மா இருக்காது. ஃப்ரீசர் கதவைத் திறக்கும்போதும், கரன்ட் போய் வரும்போதும், ஃப்ராஸ்ட் ஃப்ரீ ஃப்ரிட்ஜ் தன் பனியை உருக்கிக்கொள்ளும்போதும் வெப்பம் ஓரிரு டிகிரி ஏறி இறங்கும். ஏறும்போது குட்டிப் படிகங்கள் முதலில் உருகும். இறங்கும்போது அந்தத் தண்ணீர் பெரிய படிகங்கள் மேல் போய் ஒட்டும். அதனால் கதவோரத் தட்டை விட்டுவிட்டு, பின்சுவரை ஒட்டி வைப்பது நல்லது. ஐஸ்கிரீமின் மேற்பரப்பைத் தொடும்படி ஒரு பிளாஸ்டிக் தாளை அழுத்திவிட்டால் மேலே பனி பூக்காது. ஒரே பெரிய டப்பாவில் போடாமல் ஆளுக்கொரு எவர்சில்வர் டம்ளரில் நிரப்பி மூடிவிட்டால், ஒவ்வொன்றும் வெளியே வருவது ஒரே ஒருமுறைதான்.