லிங்கனும் முதிய தளபதியும்

மாணவ நண்பர்களே, ஒரு நிறுவனத்தின் தலைமையை ஏற்பவர்க்கு நேரும் சங்கடங்களுள் கடினமானது எது என்று கேட்டால், நெடுங்காலம் உண்மையாய் உழைத்தவர் தம் பதவியின் பளுவைத் தாங்க இயலாதபோது அவரை நடத்தும் முறையே என்பேன். அவர்மீது குற்றம் ஒன்றும் இராது. வேலை அவரைக் கடந்து வளர்ந்திருக்கும். அமெரிக்க வரலாற்றில் இதற்கு நல்லதோர் எடுத்துக்காட்டு உண்டு.

1861-ஆம் ஆண்டில் ஆபிரகாம் லிங்கன் ஜனாதிபதியானபோது, தலைமைத் தளபதியாக விளங்கியவர் வின்பீல்டு ஸ்காட். 1841 முதல் அப்பதவியை வகித்தவர். 1847-இல் மெக்சிகோ நகரைக் கைப்பற்றிய வீரர். உள்நாட்டுப் போர் மூண்டு, அவர் பிறந்த வர்ஜீனியா மாநிலம் பிரிந்துசென்றபோதும் மைய அரசின் பக்கமே நின்றார். அதே மாநிலத்தவரான இராபர்ட் லீ பிரிந்தோருடன் சென்றார் என்பதை எண்ணினால் ஸ்காட்டின் பற்றுறுதி விளங்கும்.

ஆயினும் அவ்வாண்டில் அவருக்கு வயது 75. உடல் பருத்து, நோயுற்று, குதிரைமீது ஏற இயலாதவரானார். படையோ, போருக்கு முன் ஏறத்தாழ 16,000 பேர் கொண்டிருந்தது, சில திங்களில் இலட்சக்கணக்காகப் பெருகிற்று. அறிவு மட்டும் மங்கவில்லை. தென் மாநிலத் துறைமுகங்களை அடைத்து, மிசிசிப்பி ஆற்றைக் கைக்கொண்டு பகைவரை இறுக்க வேண்டும் என்று அவர் வகுத்த திட்டத்தைப் பத்திரிகைகள் நகையாடின; போர் பின்னர்ப் பெரும்பாலும் அவ்வழியே சென்றது. தொலைநோக்கு இருந்தது, நாள்தோறும் ஓடியாடி நடத்தும் வலிமை இல்லை. இவ்விரண்டையும் பிரித்தறியாத நிருவாகி முதியவரை முற்றும் ஒதுக்கிவிடுவார். இல்லையேல் பதவியிலேயே வைத்து வேலையைக் கெடுப்பார்.

லிங்கன் செய்ததில் ஒரு பகுதி எனக்கு உடன்பாடன்று. அவ்வாண்டு ஜூலையில் 34 வயதினரான மக்கிளெல்லனைத் தலைநகர்ப் படைக்கு வரவழைத்தார். இளையவர் மேலதிகாரியைத் தாண்டி அமைச்சர்களிடம் நேரே பேசலானார். ஸ்காட் மனம் நொந்து ஆகஸ்டிலேயே ஓய்வு கேட்டார். தீர்வு பிறக்க நவம்பர் ஆயிற்று. பெயர்ப்பலகை ஒருவருடையதாக இருக்க, கோப்புகள் மற்றொருவர் மேசைக்குச் செல்லும் அலுவலகங்களை நானும் கண்டிருக்கிறேன். நேரே சொல்லும் கடுஞ்சொல்லினும் அந்த மௌனம் முதியவரை அதிகம் புண்படுத்தும்.

விடைகொடுத்த முறையோ மிகச் சிறந்தது. நவம்பர் 1-ஆம் நாள் லிங்கன் அமைச்சர்களுடன் ஸ்காட்டின் இல்லத்துக்கே சென்று, ஓய்வு ஆணையைத் தாமே படித்தார். ஊதியமும் படிகளும் சிறிதும் குறையா என்று அவ்வாணையிலேயே எழுதப்பட்டிருந்தது. முதியவருக்குச் செலுத்த வேண்டிய நன்றிக் கடனைப் பதவியைக் கொண்டு தீர்க்கவில்லை என்பதைக் கவனியுங்கள்.

1862 ஜூனில் போர் மந்தமுற்றிருந்தது. மக்கிளெல்லனும் தலைமைத் தளபதிப் பதவியை மார்ச்சிலேயே இழந்திருந்தார். அவ்விடத்துக்கு எவரும் நியமிக்கப்படவில்லை. லிங்கன் முன்னறிவிப்பின்றி இரயிலேறி, ஸ்காட் தங்கியிருந்த வெஸ்ட் பாயின்டுக்குச் சென்று, அவரிடம் ஆலோசனை கேட்டுத் திரும்பினார். அடுத்த திங்களில் ஹாலெக் தலைமைத் தளபதியானார். ஸ்காட் 1865-இல் போரின் வெற்றியையும் கண்டு, மறு ஆண்டு வெஸ்ட் பாயின்டிலேயே மறைந்தார்.