வாளின் பளபளப்பும் அரிசிக் கணக்கும்

திரையில் சாமுராய் ஒருவர் தோன்றியதும் நம் கண்கள் அவரது இடுப்பில் செருகியிருக்கும் இரண்டு வாள்களைத்தான் நாடுகின்றன. பல்லாண்டுகள் பொருளியல் கற்பித்தவன் என்பதாலோ என்னவோ, எனக்கு மட்டும் வேறொரு கேள்வி முந்திக்கொண்டு எழும். இவருக்குச் சோறு போடுபவர் யார்? உழவு தெரியாத, வணிகம் செய்யாத, நாள்தோறும் போர் இல்லாத ஒரு மனிதர் எப்படிக் குடும்பம் நடத்துகிறார்?

விளையாட்டாகத் தோன்றும் இந்தக் கேள்வியே சாமுராய் படங்களை இரண்டாகப் பிரித்துவிடுகிறது. வீரத்தை மட்டும் காட்டும் படங்கள் ஒரு வகை. அந்த வீரரின் அடுப்பையும் அரிசிப் பானையையும் சேர்த்துக் காட்டும் படங்கள் இன்னொரு வகை. வரலாற்றுக்கு நெருக்கமாக நிற்பவை பெரும்பாலும் இரண்டாம் வகைப் படங்களே.

முதலில் சொல்லின் பொருளைப் பார்ப்போம். 'சாமுராய்' என்ற சொல், அருகில் இருந்து பணி செய்தல் என்னும் பொருள் கொண்ட பழைய ஜப்பானிய வினைச்சொல்லிலிருந்து பிறந்தது. அதாவது, சாமுராய் என்பவர் அடிப்படையில் ஊழியர். ஊழியர் என்றால் எசமானர் உண்டு. எசமானர் என்றால் ஊதியம் உண்டு. அந்த ஊதியம் நெடுங்காலம் அரிசியாகவே அளக்கப்பட்டது. அதன் அலகு 'கொக்கு'. ஒரு கொக்கு என்பது சுமார் 180 லிட்டர், எடையில் ஏறத்தாழ 150 கிலோ அரிசி. ஒருவர் ஓராண்டு உண்பதற்குப் போதுமான அளவு என்று அதைக் கருதினர். பிரபுவின் பெருமையும், அவரிடம் பணியாற்றும் வீரரின் தகுதியும் கொக்குக் கணக்கில்தான் சொல்லப்பட்டன.

அகிரா குரோசாவாவின் 'ஏழு சாமுராய்கள்' (1954) இந்த உண்மையிலிருந்தே தொடங்குகிறது. கொள்ளையரிடமிருந்து தங்கள் விளைச்சலைக் காக்க எளிய உழவர்கள் வீரர்களைத் தேடிப் போகிறார்கள். அவர்களால் தர முடிந்த கூலி, வயிறாரச் சோறு மட்டுமே. அந்தச் சோற்றையும் வீரர்களுக்குக் கொடுத்துவிட்டுத் தாங்கள் தினையை உண்கிறார்கள். கதை நிகழும் காலம் 1586-ஐ ஒட்டியது. பிரபுக்கள் ஓயாமல் போரிட்ட அந்த நூற்றாண்டில் உழவருக்கும் வீரருக்கும் இடையிலான கோடு இன்னும் கெட்டிப்படவில்லை. உழவர் மகனான கிகுச்சியோ சாமுராயாக வேடமிட்டுத் திரிய முடிந்ததும் அதனால்தான். 1588-இல் ஹிதேயோஷி உழவர்களிடமிருந்து வாள்களைப் பறிமுதல் செய்ய ஆணையிட்டார். 1591-இல் வீரர் உழவராகவோ வணிகராகவோ மாறுவதும் தடைசெய்யப்பட்டது. படம் காட்டுவது, கதவு மூடுவதற்கு முந்தைய சில ஆண்டுகளை.

அப்படத்தில் இன்னொரு நுட்பமும் உண்டு. ஏழு பேரில் நால்வர் உயிரிழக்கிறார்கள். நால்வருமே துப்பாக்கிக்குத்தான் பலியாகிறார்கள். வாளால் வீழ்ந்தவர் ஒருவரும் இல்லை. போர்ச்சுகீசியர் வழியாக 1543-இல் ஜப்பானுக்கு வந்த துப்பாக்கியை அங்குள்ள கொல்லர்கள் விரைவிலேயே தாங்களே செய்யக் கற்றுக்கொண்டனர். 1575-இல் நாகஷினோ போரில் நொபுனாகாவின் துப்பாக்கி வீரர்கள் பெரும் பங்காற்றினர். சாமுராய் என்றால் வாள் மட்டுமே என்ற எண்ணம் பிற்காலத்தில் நாம் விரும்பிச் சூட்டிய அலங்காரம்.

1603-இல் தொகுகவா இயேயசு ஷோகன் ஆனார். 1615-இல் ஒசாகா கோட்டை வீழ்ந்தது. 1637-38இல் நடந்த ஷிமபாரா கிளர்ச்சிக்குப் பிறகு இரண்டு நூற்றாண்டுகளுக்கு மேல் நாட்டில் பெரும்போரே இல்லை. மக்கள்தொகையில் ஐந்து முதல் ஏழு விழுக்காடு வரை இருந்த ஒரு போர்ச் சாதி, போரே இல்லாமல் தலைமுறை தலைமுறையாக வாழ நேர்ந்தது. திரைப்படங்களில் வாள்சண்டை அதிகம் நடப்பது இந்த அமைதிக் காலத்தில்தான் என்பது வேடிக்கை. உண்மையில் அன்றைய சாமுராய்களில் பலரும் கோட்டை நகரங்களில் எழுத்தராகவும், கிடங்குக் கண்காணிப்பாளராகவும், வரிக் கணக்கராகவும் பணிபுரிந்தனர்.

அமைதிக்கு விலை கொடுத்தவர்களும் இருந்தனர். ஷோகன் ஆட்சி பல பிரபுக்களின் நிலங்களைப் பறித்தது. ஒரு பிரபு வீழ்ந்தால் அவரை நம்பியிருந்த நூற்றுக்கணக்கான, சில வேளைகளில் ஆயிரக்கணக்கான வீரர்கள் எசமானரற்ற 'ரோனின்' ஆயினர். மசாகி கோபயாஷியின் 'ஹரகிரி' (1962) 1630-ஆம் ஆண்டில் அப்படிப்பட்ட ஒரு ரோனினின் கதையைச் சொல்கிறது. வறுமையில் வாடும் இளைஞன் ஒருவன் இயி பிரபுவின் மாளிகை வாசலில் வந்து, வயிற்றைக் கிழித்துக்கொள்ள இடம் கேட்கிறான். உதவி கிடைக்கும் என்பது அவன் எதிர்பார்ப்பு. மாளிகையினரோ, சொன்னபடியே செய் என்று வற்புறுத்துகிறார்கள். நோயுற்ற குடும்பத்துக்காக அவன் தன் வாள்களை ஏற்கெனவே விற்றுவிட்டான். உறையில் இருப்பது மூங்கில் பட்டை. அதைக் கொண்டே சாகும்படி அவன் கட்டாயப்படுத்தப்படுகிறான். மானம் என்ற பெயரில் நிறுவனங்கள் எவ்வளவு கொடூரமாக நடந்துகொள்ள முடியும் என்பதை இதைவிடக் கூர்மையாகச் சொன்ன படத்தை நான் பார்த்ததில்லை.

வேலையில் இருந்தவர்களின் நிலையும் பெரிதாகச் சொல்லும்படி இல்லை. 1635-இல் முறைப்படுத்தப்பட்ட ஆணைப்படி, பிரபுக்கள் பொதுவாக ஓராண்டு விட்டு ஓராண்டு எடோ நகரில் தங்க வேண்டும். மனைவி மக்கள் நிரந்தரமாக அங்கேயே இருக்க வேண்டும். இன்றைய டோக்கியோவான எடோ, பதினெட்டாம் நூற்றாண்டில் பத்து லட்சம் மக்களைக் கொண்ட மாநகரமாக வளர்ந்ததற்கு இதுவே முதன்மைக் காரணம். செலவு காசில், வருமானம் அரிசியில். சாகுபடி பெருகியபோது அரிசி விலை சரிந்தது. மற்றப் பொருள்களின் விலையோ ஏறியது. இந்தக் கத்தரியின் இரண்டு அலகுகளுக்கு இடையில் சிக்கியவர் சாமுராய்.

அரிசி விலையைத் தாங்கிப் பிடிக்கப் போராடியதால் ஷோகன் யோஷிமுனேவுக்கு 'அரிசி ஷோகன்' என்ற பட்டப்பெயரே வந்தது. அவரது ஆட்சியில்தான், 1730-இல், ஒசாகாவின் டோஜிமா அரிசிச் சந்தை அரசு ஒப்புதல் பெற்றது. முன்பேர வணிகத்தின் உலக முன்னோடிகளுள் ஒன்றாக அதைப் பொருளியல் மாணவர்கள் இன்றும் படிக்கிறார்கள். எடோவில் ஷோகனின் நேரடிப் பணியாளர்கள் தங்கள் அரிசியை விற்றுத் தரும் தரகர்களிடமே, வரவிருக்கும் அரிசியை ஈடாக வைத்துக் கடன் வாங்கினர். 1789-இல் ஆறு ஆண்டுகளுக்கு மேற்பட்ட அத்தகைய கடன்களை அரசு ரத்து செய்தது. கடன் தள்ளுபடி அரசியல் இக்காலக் கண்டுபிடிப்பு அல்ல.

இந்த வாழ்வை அழகாகப் பதிவுசெய்த படம் யோஜி யமடாவின் 'அந்திக்கால சாமுராய்' (2002). அதன் நாயகன் செய்பேய் 50 கொக்கு ஊதியம் பெறும் கிடங்கு எழுத்தர். மாலையானதும் சகாக்களுடன் குடிக்கப் போகாமல் வீடு திரும்புகிறார். இரண்டு சிறு பெண் குழந்தைகளையும் நினைவு தப்பிய தாயையும் பார்த்துக்கொண்டு, மிச்ச நேரத்தில் பூச்சிக் கூண்டுகள் முடைந்து விற்கிறார். மனைவியின் இறுதிச் சடங்குக்காக இவரும் வாளை விற்றவர்தான். நாற்பது ஆண்டு இடைவெளியில் வந்த இரண்டு தலைசிறந்த படங்களும் வாளற்ற உறையையே காட்டுகின்றன என்பது தற்செயல் என்று எனக்குத் தோன்றவில்லை.

காகா பிரதேசத்தில் பரம்பரைக் கணக்கர்களாக இருந்த இனோயமா குடும்பத்தின் வரவு செலவு ஏடுகளை ஆராய்ந்து வரலாற்றாளர் மிச்சிஃபுமி இசோதா எழுதிய நூலை அடிப்படையாகக் கொண்டு 2010-இல் ஒரு படம் வந்தது. குடும்பக் கடன் ஆண்டு வருமானத்தின் இரு மடங்கை எட்டியதும், குடும்பத் தலைவர் வீட்டுப் பொருள்களை விற்றுக் கடனை அடைக்கத் தொடங்குகிறார். மகனின் சடங்கு விருந்தில் மீன் வாங்கப் பணம் இல்லாததால், தாளில் வரைந்த மீனைத் தட்டில் வைக்கிறார்கள். சாமுராயின் உண்மையான போர்க்களம் எது என்பதற்கு அந்தத் தாள் மீனைவிடப் பெரிய சான்று தேவையில்லை.

இப்போது ஹாலிவுட்டின் 'கடைசி சாமுராய்' (2003) படத்துக்கு வருவோம். துப்பாக்கியைத் தீண்டாத வீரர்கள், நவீன இராணுவத்தை வாளேந்தி எதிர்த்து மடிகிறார்கள். காட்சிகள் மனத்தை உருக்குகின்றன. ஆனால் அதற்கு மூலமான, சைகோ தகமோரி தலைமையில் 1877-இல் நடந்த சட்சுமா கிளர்ச்சியில், கிளர்ச்சியாளர்களிடம் துப்பாக்கிகளும் பீரங்கிகளும் இருந்தன. குண்டும் மருந்தும் தீர்ந்த பிறகே வாள் மட்டும் மிஞ்சியது. சைகோவோ, ஷோகன் ஆட்சியை வீழ்த்திப் புதிய அரசை நிறுவியவர்களுள் ஒருவர். பழமைக்காக மட்டும் வாழ்ந்த துறவி அல்லர்.

அக்கிளர்ச்சிக்குப் பின்னால் இருந்த கணக்கைப் படம் சொல்வதில்லை. 1871-இல் பிரபுக்களின் ஆட்சிப் பகுதிகள் ஒழிக்கப்பட்டதும், சாமுராய்களுக்கான ஊதியச் சுமை மெய்ஜி அரசின் தலையில் விழுந்தது. அரசு வருவாயில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கை அது விழுங்கியது. 1873-இல் கட்டாய இராணுவ சேவை வந்தது; உழவர் மகனும் படைவீரன் ஆனான். 1876-இல் வாள் அணியத் தடை வந்தது. அதே ஆண்டில் பரம்பரை ஊதியம் நிறுத்தப்பட்டு, அதற்கு ஈடாக வட்டி தரும் அரசுப் பத்திரங்கள் கட்டாயமாக வழங்கப்பட்டன. பெரிய பிரபுக்கள் அப்பத்திரங்களை வங்கி முதலாக்கிச் செல்வர்களாயினர். சிறிய ஊதியக்காரருக்குக் கிடைத்த வட்டி வாழப் போதவில்லை. கிளர்ச்சிக்குப் பின் வந்த பணவீக்கம் அதன் மதிப்பையும் கரைத்தது. பத்திரத்தை விற்றுக் கடை வைத்தவர்களில் பலர் தோற்றனர். அனுபவமில்லாதவர் வணிகத்தில் இறங்கிக் கையைச் சுட்டுக்கொள்வதை 'சாமுராய் வணிகம்' என்று ஜப்பானியர் இன்றும் சொல்வர்.

அப்படியானால் தியாகமே உருவான அந்தச் சாமுராய் எங்கிருந்து வந்தார்? அவருக்கு உலகப் புகழ் தேடித் தந்த நூல், நிதோபே இனாசோ ஆங்கிலத்தில் எழுதி 1900-இல் அமெரிக்காவில் வெளியான 'புஷிடோ'. சாமுராய் வர்க்கம் ஒழிந்து கால் நூற்றாண்டு ஆகிவிட்ட நேரம் அது. ஜெர்மனியில் ஜப்பானின் நிலவுடைமை பற்றி ஆய்வுசெய்து முனைவர் பட்டம் பெற்ற வேளாண் பொருளியலாளர் அவர். நிலக்கணக்கு அறிந்த ஒருவரே அறநெறிச் சித்திரத்தை உலகுக்கு அளித்தார் என்பது எனக்கு இன்றும் வியப்பு.

அந்தச் சித்திரம் சும்மா இருக்கவில்லை. 1930-களில் இராணுவ ஆட்சியாளர்கள், கேள்வி கேட்காமல் சாவதே வீரர் நெறி என்று சாதாரண வீட்டுப் பிள்ளைகளுக்குப் போதித்தனர். போர் தொடங்கிய 1941-இல், எசமானருக்காக உயிர்விட்ட 47 ரோனின்களின் கதை அரசின் ஊக்கத்துடன் பெரும் படமாக வெளிவந்தது. தோல்விக்குப் பின் வந்த அமெரிக்க ஆக்கிரமிப்பு நிர்வாகமும் திரையின் ஆற்றலை உணர்ந்திருந்தது. பழிவாங்கலையும் நிலப்பிரபுத்துவ விசுவாசத்தையும் போற்றும் படங்களைத் தடுத்தது. குரோசாவாவும் கோபயாஷியும் சாமுராயைக் கேள்விக்குள்ளாக்கியதன் பின்னணி இதுவே. கோபயாஷி அப்போரில் படைவீரராக இருந்தவர்.

2024-இல் வந்த 'ஷோகன்' தொடர் 18 எம்மி விருதுகளை வென்றது. பெரும்பகுதி ஜப்பானிய மொழியிலேயே அமைந்த அத்தொடர், உடையிலும் நடையிலும் காட்டிய அக்கறை பாராட்டுக்குரியது. அதன் வழியாகப் புதிய தலைமுறை ஜப்பானிய வரலாற்றின் வாசலுக்கு வந்திருப்பது மகிழ்ச்சியே. வாசலோடு நின்றுவிடக் கூடாது என்பதே என் விருப்பம்.

வீரத்தை ரசிப்பதில் பிழையில்லை. ஆனால், பிறருக்காகச் சாவதே உயர்வு என்று ஒரு கதை நமக்குச் சொல்லும்போது, அந்தச் சாவால் யாருக்கு ஆதாயம் என்று கேட்கும் பழக்கம் நமக்கு வேண்டும். வாள் வீச்சு சில நொடிகளில் முடிந்துவிடும். அரிசிப் பானை நாள்தோறும் நிரம்ப வேண்டும். பானையையும் காட்டும் படத்தைத் தேடிப் பாருங்கள். மனிதரும் வரலாறும் அங்கேதான் இருக்கிறார்கள்.