கோப்பு ஒன்று, பிரதமர் இருவர்

ஆட்சி மாறினால் வெளியுறவுக் கொள்கை மாறுமா? தேர்தல் முடிவு வந்த கையோடு டீக்கடைக்கு டீக்கடை இந்தக் கேள்வி கிளம்பிவிடும். "அதிகாரிகள் அதே ஆட்கள்தானே, என்ன பெரிசாக மாறிவிடும்?" என்பார் ஒருவர். "தலைவர் மாறினால் எல்லாமே மாறும்" என்பார் பக்கத்தில் இருப்பவர். இரண்டு பேருக்கும் பாதி மார்க் போடலாம். மீதிக்கு 1964-க்குப் போக வேண்டும். டீயைக் கையில் எடுத்துக்கொள்ளுங்கள். கதை நடப்பதே தேயிலைத் தோட்டத்தில்தான்.

வெள்ளைக்காரர் காலத்தில் இலங்கை மலைநாட்டுக்குத் தமிழகக் கிராமங்களிலிருந்து கங்காணிகள் ஆள் திரட்டிக் கொண்டுபோனார்கள். முதலில் கோப்பி. அது நோய் கண்டு அழிந்தபின் தேயிலை. போனவர்களின் பிள்ளைகளும் பேரன்களும் லயம் என்ற தோட்டத்து வரிசை வீடுகளிலேயே பிறந்து, கொழுந்து பறித்து, அந்த மண்ணிலேயே புதைந்தார்கள். 1947 தேர்தலில் அவர்களில் பலருக்கு ஓட்டு இருந்தது. அவர்களுடைய கட்சியான இலங்கை இந்தியக் காங்கிரஸ் சில இடங்களைப் பிடித்தது. அதன் தலைவர்களில் ஒருவரான தொண்டமான் நுவரெலியாவிலிருந்து நாடாளுமன்றம் போனார். வேறு பல தொகுதிகளில் தோட்டத்து ஓட்டு இடதுசாரிகளுக்கு விழுந்தது. பிரதமர் டி.எஸ். சேனநாயக்காவுக்கு இது உறுத்தாமல் இருக்குமா?

1948 பிப்ரவரி 4-இல் சுதந்திரம். அதே வருஷம் பிரஜாவுரிமைச் சட்டம். தீவில் பிறந்திருந்தால் மட்டும் போதாது, தகப்பனும் அங்கே பிறந்தவர் என்று காட்ட வேண்டும். எழுத்தும் காகிதமும் எட்டாத லயத்து வீட்டில் தாத்தா காலத்துச் சான்றுக்கு எங்கே போவது? அடுத்த வருஷம் இன்னொரு சட்டம் வந்தது: இத்தனை வருஷம் தொடர்ந்து இங்கே குடியிருந்தோம் என்று நிரூபித்து மனுப் போடலாம். எட்டு லட்சம் பேருக்கு மேல் அந்த மனுக்களில் அடங்கியிருந்தார்கள். கடைசியில் கிடைத்தது சுமார் 1,34,000 பேருக்கு. ஓட்டையும் 1949-லேயே பறித்தாகிவிட்டது.

இங்கேதான் இந்தியா வருகிறது. நேரு இந்த விவகாரத்தை ஃபைலில் படித்து மட்டும் தெரிந்துகொண்டவர் அல்ல. இந்தியத் தொழிலாளர்களை வேலையிலிருந்து நீக்கிய பிரச்சினைக்காக 1939-இல் இந்திய தேசிய காங்கிரஸ் அவரைக் கொழும்புக்கு அனுப்பியது. இலங்கை இந்தியக் காங்கிரஸ் பிறந்ததே அந்தப் பயணத்தில்தான். பிரதமரான பிறகும் வெளியுறவு இலாகாவை அவர் யாருக்கும் கொடுக்கவில்லை. 1964-இல் இறக்கும்வரை 17 வருஷம் அவர் கையிலேயே இருந்தது. இலங்கையில் இது அரசியல் சட்டத்திலேயே எழுதியிருந்தது: பிரதமர் யாரோ அவரே வெளியுறவு அமைச்சர், பாதுகாப்பு அமைச்சரும் அவரே. ஆக இரண்டு நாட்டுப் பேச்சு என்றால் இரண்டு பிரதமர்களின் பேச்சு என்றே அர்த்தம்.

நேருவின் நிலைப்பாடு சிக்கலில்லாதது. அவர்கள் இலங்கை மக்கள். இந்திய அரசியல் சட்டத்தின் 8-ஆவது பிரிவின்படி யார் தானாக விரும்பி மனுப் போட்டுப் பதிவு செய்கிறாரோ, அவர் மட்டும் இந்தியக் குடிமகன். மற்றவர்களை இலங்கை ஏற்காவிட்டால் அவர்கள் நாடற்றவர்கள். அந்தப் பொறுப்பு இலங்கையுடையது. கொழும்போ, நாங்கள் ஏற்காதவர்கள் எல்லாரும் இந்தியர்களே என்றது. 1953-இல் நேரு, அப்போதைய இலங்கைப் பிரதமர் டட்லி சேனநாயக்காவோடு லண்டனில் பேசினார், முடியவில்லை. 1954 ஜனவரியில் அடுத்த பிரதமர் கொத்தலாவலையோடு ஒப்பந்தமே போட்டார். கையெழுத்தின் மை காய்வதற்குள் இரண்டு தலைநகரமும் அதற்கு இரண்டு அர்த்தம் சொல்ல ஆரம்பித்தன.

சட்டப்படி நேரு சொன்னதில் குறை காண்பது கடினம். இந்தியா இவர்களைக் கும்பலாக ஏற்றிருந்தால் பர்மா, மலாயா, ஆப்பிரிக்கா என்று எல்லா நாடும் இதே கதவைத் தட்டியிருக்கும். ஆனால் அவர் விட்டுக்கொடுக்காமல் நின்ற அத்தனை வருஷமும் லயத்தில் இருந்தவர் ஓட்டில்லாமல், பாஸ்போர்ட் இல்லாமல் இருந்தார். 'கள்ளத்தோணி' என்ற வசவு வேறு. இதையும் சேர்த்துத்தான் நேருவுக்குக் கணக்குப் போட வேண்டும்.

1964 மே 27-இல் நேரு இறந்தார். ஜூன் 9-இல் சாஸ்திரி பிரதமர். வெளியுறவு இலாகாவை அவர் சில வாரமே தன்னிடம் வைத்திருந்து, ஜூலையில் சுவரண் சிங்கிடம் கொடுத்துவிட்டார். அக்டோபர் கடைசியில் இலங்கைப் பிரதமர் சிறிமாவோ பண்டாரநாயக்கா டெல்லிக்கு வந்தார். 16 வருஷம் நகராத கோப்பு ஒரு வாரத்துக்குச் சற்று மேல் எடுத்துக்கொண்டு முடிந்துவிட்டது. அக்டோபர் 30-இல் இருவரும் கடிதங்களைப் பரிமாறிக்கொண்டார்கள். அதுதான் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம்.

அந்த ஐந்து மாதத்தில் இந்தியாவின் நலன் என்ன, தலைகீழாகவா போயிற்று? இல்லை. அதிகாரிகளும் பெரும்பாலும் அதே ஆட்கள். 1962-இல் சீனாவிடம் அடிபட்ட பிறகு அண்டை வீட்டாரின் நல்லெண்ணத்துக்கு விலை ஏறியிருந்தது, உண்மை. அந்தப் போரில் இலங்கை இந்தியா பக்கம் நிற்கவில்லை. ஆறு அணிசேரா நாடுகளைக் கொழும்பில் கூட்டி, சமரசம் பேசப் பீக்கிங்குக்கும் டெல்லிக்கும் போனார் சிறிமாவோ. 1952 முதலே ரப்பரைக் கொடுத்துச் சீன அரிசி வாங்கிக்கொண்டிருந்த நாடு அது. ஆனால் இதெல்லாம் நேரு இருக்கும்போதே உள்ளதுதானே? மாறியது ஒன்றே ஒன்று. நேருவுக்கு இது பேரத்துக்கு அப்பாற்பட்ட கொள்கை. அதில் அவருடைய 25 வருஷப் பேச்சும் பெயரும் கலந்திருந்தன. சாஸ்திரிக்கு அது தீர்க்க வேண்டிய பல கோப்புகளில் ஒன்று. எதில் இறங்கிப் பேசலாம், எதில் கூடாது என்ற கோட்டைத் தலைவர்தான் போடுகிறார். அந்தக் கோடு இடம் மாறியதும் மற்றதெல்லாம் வேகமாக நடந்தது. புதுப் பிரதமருக்கு அண்டை நாட்டோடு ஒரு வெற்றி தேவைப்பட்டது என்பதையும் மறுக்க வேண்டாம்.

சிறிமாவோவுக்கும் அவசரம் இருந்தது. கண்டிச் சீமைச் சிங்கள வாக்காளர்களுக்கு ஒரு விடை கொண்டுபோக வேண்டும். இன்னொரு வேடிக்கை, 1948 சட்டத்தை எதிர்த்து ஓட்டுப் போட்ட இடதுசாரிச் சமசமாஜக் கட்சி 1964 ஜூனில் அவர் அமைச்சரவையில் சேர்ந்திருந்தது. எதிர்த்துக் கேட்க வேண்டிய குரல் அரசுக்குள்ளேயே உட்கார்ந்துகொண்டது.

ஒப்பந்தத்தின் கணக்கு இது. மொத்தம் 9,75,000 பேர். அதில் 5,25,000 பேரை இந்தியா எடுத்துக்கொள்ளும், 3,00,000 பேரை இலங்கை. இடையில் பிறக்கும் பிள்ளைகள் அந்தந்தப் பங்கோடு சேர்த்தி. மிச்சம் 1,50,000 பேரைப் பிறகு பேசிக்கொள்ளலாம். 15 வருஷத்தில் முடிக்க வேண்டும். பாகப்பிரிவினையில் பங்கு போட முடியாத கிணற்றையும் களத்தையும் பொதுவில் விடுவார்களே, அந்த ஒன்றரை லட்சம் பேர் அப்படி விடப்பட்டவர்கள். 1974-இல் இந்திரா காந்தியும் சிறிமாவோவும் அவர்களையும் ஆளுக்கு 75,000 என்று சரிபாதியாகப் பிரித்தார்கள். சரிபாதி என்பதிலேயே தெரிகிறது, தனித்தனி ஆளாக யாரையும் பார்த்து முடிவு செய்யவில்லை என்று. 1964-இலும் தோட்டத்து மக்களையோ தொழிற்சங்கங்களையோ கலந்து இந்த எண்களை முடிவு செய்யவில்லை. தொண்டமான் இதை எதிர்த்தார்.

பேசியவர்களுக்குக் கருணையே இல்லை என்றும் சொல்ல முடியாது. அன்று வேலையில் இருந்தவர் கப்பல் ஏறும் நாள்வரை, அல்லது 55 வயதுவரை, வேலையில் நீடிக்கலாம். சேமலாப நிதி, பணிக்கொடை உட்படச் சொத்தை எடுத்துப் போகலாம்; ஒரு குடும்பத்துக்கு அனுமதிக்கும் உச்ச வரம்பை 4,000 ரூபாய்க்குக் கீழே குறைக்கக் கூடாது. அந்த வரம்பைத் தொடும் அளவுக்கு எத்தனை லயத்து வீட்டில் சேமிப்பு இருந்திருக்கும் என்பது வேறு கேள்வி.

சிக்கல் அமலில் வந்தது. இதைப் பொறுமையாகப் பாருங்கள், தலைவர் மாறினால் என்ன ஆகும் என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியவில்லை. மூன்று லட்சத்துக்கு ஐந்தேகால் லட்சம் என்றால் நாலுக்கு ஏழு. இந்தியா ஏழு பேரை எடுத்தால் இலங்கை நாலு பேருக்குப் பிரஜாவுரிமை தரும். 'எடுத்தால்' என்பதற்கு எது கணக்கு? ஒப்பந்தம் போட்ட சில வாரத்தில் சிறிமாவோ அரசு நாடாளுமன்றத்தில் ஒரே ஓட்டில் தோற்றது. 1965-இல் டட்லி சேனநாயக்கா பிரதமர். தொண்டமானின் ஆதரவு அவருக்கு. 1967-இல் அவர் கொண்டுவந்த சட்டத்தில், இந்தியக் குடியுரிமை எழுதிக் கொடுத்தாலே ஏழு கணக்கு முடிந்தது. பிரஜாவுரிமை பெறுகிறவர்களைத் தனி வாக்காளர் பட்டியலில் வைப்பதாகச் சிறிமாவோ சொல்லியிருந்த திட்டமும் போயிற்று. 1970-இல் சிறிமாவோ திரும்ப வந்தார். 1971-இல் திருத்தம்: ஏழு பேர் உண்மையில் கப்பல் ஏறிப் போனால்தான் நாலு பேருக்குப் பிரஜாவுரிமை. ஒப்பந்தத்தில் ஒரு புள்ளிகூட மாறவில்லை. ஆனால் ஹட்டனில் காத்திருந்தவரின் காகிதம், முன்பின் தெரியாத வேறொருவர் தலைமன்னாரில் கப்பல் ஏறுவதைப் பொறுத்ததாகிவிட்டது.

மனுப் போட்டவர்களின் எண்ணிக்கை இன்னொரு கதை சொல்லியது. இலங்கைப் பிரஜாவுரிமை கேட்டவர்கள் ஒதுக்கீட்டைப் போல இரண்டு மடங்கு. இந்தியா வேண்டும் என்றவர்கள் ஒதுக்கீட்டுக்குக் குறைவு. எந்த நாட்டைத் தங்கள் நாடாக நினைத்தார்கள் என்பதை அவர்களே எழுதிக் கொடுத்துவிட்டார்கள். ஒரே லயத்தில் அண்ணனுக்கு ஒரு நாடு, தங்கைக்கு ஒரு நாடு என்று பிரிந்த குடும்பங்கள் உண்டு. தலைமன்னாரில் ஏறி ராமேஸ்வரத்தில் இறங்கி, மண்டபம் முகாமில் பெயர் பதிந்து, மூன்று லட்சத்துக்கும் மேல் வந்தார்கள். அவர்களுக்கென்று நீலகிரியில் 1968-இல் தமிழக அரசு தேயிலைத் தோட்டம் போட்டது. இன்று டான்டீ என்கிறோமே, அதுதான். 'தாயகம் திரும்பியோர்' என்பது அரசு வைத்த பெயர். பலருக்கு அது பார்த்தே இராத தாயகம். கூடலூர், கோத்தகிரிப் பக்கம் உள்ளூரில் அவர்களைச் சிலோன்காரர் என்றே சொன்னார்கள்.

நேரு சரியா, சாஸ்திரி சரியா என்று கேட்டால், நேருவின் வாதம் சரி, சாஸ்திரியின் அவசரம் புரிகிறது, இருவரும் அந்த மக்களைக் கேட்காததுதான் குறை என்பேன். 1982-இல் ஒப்பந்தக் காலம் முடிந்தது என்று இந்தியா சொல்லிவிட்டது. 1983 கலவரத்துக்குப் பின் கப்பலும் நின்றது. மிஞ்சியிருந்தவர்களுக்கு இலங்கை 1988-இல் ஒரு சட்டமும் 2003-இல் இன்னொரு சட்டமும் கொண்டுவந்தது. பின்னதால் பயன்பெற்றவர்கள் 1,68,141 பேர் என்பது கணக்கு. அப்போது ஜனாதிபதி சந்திரிகா, சிறிமாவோவின் மகள். அந்தச் சட்டத்துக்காக டெல்லியில் யாரும் ஒப்பந்தம் போடவில்லை. 1948-இல் கொழும்பு தனியாகப் போட்ட முடிச்சை 55 வருஷம் கழித்துக் கொழும்பே தனியாக அவிழ்த்தது.

அதில் சேராதவர்கள், 1983-க்குப் பின் அகதிகளாகத் தமிழகம் வந்து முகாம்களில் தங்கிவிட்ட மலையக வம்சாவளியினர். அவர்களில் சிலர் போட்ட வழக்கில், குடியுரிமை மனுவைப் பரிசீலிக்க வேண்டும் என்று 2019 ஜூனில் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை மத்திய அரசுக்குச் சொன்னது. அதே வருஷம் டிசம்பரில் குடியுரிமைச் சட்டத்தைத் திருத்தியபோது அதில் எழுதப்பட்ட நாடுகள் மூன்று: பாகிஸ்தான், வங்கதேசம், ஆப்கானிஸ்தான்.