காலத்துக்கு ஓர் ஊர்: உஜ்ஜயினியில் மகாகாலர்

விடிவதற்கு இன்னும் நேரம் இருக்கிறது. உஜ்ஜயினி நகரம் உறங்கிக் கொண்டிருக்கிறது. சிப்ரா நதிக்கு அருகிலுள்ள மகாகாலேசுவரர் ஆலயத்தில் மட்டும் மணியோசை கேட்கிறது. கருவறையில் லிங்கத் திருமேனி மீது சாம்பல் சார்த்துகிறார்கள். 'பஸ்ம ஆரத்தி' எனப் புகழ்பெற்ற வழிபாடு இது. முற்காலத்தில் சுடலைச் சாம்பலே பயன்பட்டது என்பர். இப்போது சாண வறட்டி முதலியவற்றை எரித்து எடுத்த சாம்பல் பயன்படுகிறது. பிறந்தவை யாவும் ஒரு நாள் சாம்பலாகும். அந்தச் சாம்பலையே பூண்டு நிற்பவர் காலத்தின் தலைவர் என்பது இதன் கருத்து.

'காலம்' என்றால் நேரம். 'காலன்' என்றால் எமன். இரண்டு சொற்களுக்கும் வேர் ஒன்றே. மார்க்கண்டேயனுக்காகக் காலனை உதைத்த திருக்கடையூர்ப் பெருமானை அறியாத தமிழர் குறைவு. அறுபது வயது நிறைந்த பெற்றோரை அழைத்துச் சென்று மணிவிழா நடத்துவதும் அங்கேதான். அதே சிவபெருமான் இங்கே மகாகாலராக விளங்குகிறார். பன்னிரண்டு ஜோதிர்லிங்கங்களுள் ஒன்றான இது தெற்கு நோக்கியது. தெற்கு எமனுடைய திசை. காளிதாசரின் மேகதூதத்திலேயே இத்தலத்தின் மாலை வழிபாடு பேசப்படுகிறது.

13ஆம் நூற்றாண்டில் டில்லி சுல்தான் இல்துத்மிஷின் படையெடுப்பில் ஆலயம் இடிபட்டது. இன்று நாம் காணும் கோயில் 18ஆம் நூற்றாண்டில் மராத்தியர் காலத்தில் எழுந்ததாகும்.

பூஜ்யக் கோடு சென்ற ஊர்

காலத்தின் தெய்வம் குடிகொண்ட ஊரிலேயே காலத்தை அளந்தவர்களும் வாழ்ந்தார்கள். இங்கிலாந்தில் கிரீனிச் வானாய்வுக்கூடம் தோன்றுவதற்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே, நம் நாட்டு வானநூலார் உஜ்ஜயினி வழியே செல்லும் கோட்டைத் தொடக்கக் கோடாகக் கொண்டு கணக்கிட்டனர். 6ஆம் நூற்றாண்டில் வராகமிகிரர் இங்குதான் வாழ்ந்தார். அரபு அறிஞர்களும் இந்தக் கோட்டை ஏற்றுக்கொண்டனர். அவர்கள் எழுத்தில் ஊரின் பெயர் திரிந்து 'அரின்' ஆகி, அந்தப் பெயரிலேயே ஐரோப்பா வரை சென்றது.

அவர்களது கணக்கின் பரப்பு வியப்பூட்டுவது. கலியுகத்துக்கு 4,32,000 ஆண்டுகள். நான்கு யுகங்களும் சேர்ந்தால் 43,20,000 ஆண்டுகள். அதைப் போல் ஆயிரம் மடங்கு, அதாவது 432 கோடி ஆண்டுகள், பிரம்மாவுக்கு ஒரு பகல். கலி பிறந்து ஐயாயிரத்துச் சொச்சம் ஆண்டுகளே ஆகின்றன. மறுபுறம் ஒரு நாளுக்கு 60 நாழிகை. ஒரு நாழிகைக்கு 60 விநாடி. பஞ்சாங்கத்தில் வரும் அந்த விநாடி நம் கைக்கடிகாரத்தில் 24 நொடி. 432 கோடி ஆண்டையும் 24 நொடியையும் ஒரே ஏட்டில் எழுதியவர்கள் அவர்கள்.

ஜெய்ப்பூர் மன்னர் ஜெய்சிங் 18ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் கட்டிய ஜந்தர் மந்தர் இன்றும் இவ்வூரில் உள்ளது. அதிலுள்ள சாம்ராட் யந்திரம் ஒரு பெரிய நிழல் கடிகாரம். அதன் நிழல் காட்டும் நேரம், நம் கடிகாரத்தை விடச் சராசரியாக 27 நிமிடம் பின்தங்கியிருக்கும். நிழல் பிழையானதன்று. அது உஜ்ஜயினியின் சூரியனைப் பார்க்கிறது; நம் கடிகாரம் வேறொரு ஊரின் சூரியனைப் பார்க்கிறது.

பம்பாயின் 39 நிமிடம்

அந்த வேறு ஊர் எப்படி வந்தது? ஆங்கிலேயர் ஆட்சியில் ஒவ்வொரு பெருநகருக்கும் தனி நேரம் இருந்தது. ரயில்கள் மட்டும் சென்னை நேரப்படி ஓடின. நுங்கம்பாக்கம் வானாய்வுக்கூடத்தில் 1802இல் நிர்ணயித்த நேரம் அது. பம்பாயில் ரயில் நேரத்துக்கும் ஊர் நேரத்துக்கும் அரை மணி வித்தியாசம். ஊர்க் கடிகாரத்தை நம்பிப் போனவர் ரயிலைத் தவறவிட வேண்டியதுதான்!

1906 ஜனவரி 1 முதல், உத்தரப் பிரதேசத்தின் மிர்சாப்பூர் அருகே செல்லும் 82½ பாகைக் கோட்டை வைத்து இந்தியா முழுமைக்கும் ஒரே நேரம் வந்தது. பம்பாயின் கடிகாரம் 39 நிமிடம் முன்னே தள்ளப்பட்டது. அலுவலகத்தில் அது வெறும் முள் திருப்பும் வேலை. விடியலில் ஆலைக்குப் போகிறவனுக்கோ 39 நிமிட உறக்கம் போயிற்று. அந்த ஜனவரியிலேயே பம்பாய்ப் பஞ்சாலைத் தொழிலாளர்கள் வேலையை நிறுத்தி எதிர்ப்புக் காட்டினார்கள். பழைய பம்பாய் நேரம் 1955 வரை வழக்கில் இருந்தது.

ஐந்து நிமிடம் தாமதமானால் அரைநாள் சம்பளம் போகும் என்று ஓடுகிறவர்களுக்கு இந்த வரலாற்றில் ஒரு செய்தி உண்டு. கடிகார நேரம் மனிதர் தம் வசதிக்காக வகுத்த ஏற்பாடு. அது உஜ்ஜயினியில் இருந்தது, சென்னையில் இருந்தது, பிறகு மிர்சாப்பூருக்குப் போயிற்று. யாருடைய வசதிக்காக வகுக்கிறார்கள், யார் உறக்கத்தை இழக்கிறார்கள் என்று கேட்க உழைப்பவனுக்கு உரிமை உண்டு. ஆனால் காலம் என்பது வேறு. அதை எந்தச் சட்டமும் 39 நிமிடம் முன்னே தள்ள முடியாது. போன ஒரு விநாடியைத் திருப்பித் தரவும் முடியாது. ஊரில் பெற்றோருக்கு வயது ஏறுவது அந்தக் காலத்தின் கணக்கில்தான்.

செல்ல விரும்புவோருக்கு

மும்பை சென்ட்ரலிலிருந்து புறப்படும் அவந்திகா எக்ஸ்பிரஸ் மறுநாள் காலையில் உஜ்ஜயினி சேர்கிறது. பஸ்ம ஆரத்திக்கு முன்பதிவு தேவை. அதற்கு ஆண்கள் வேட்டியும் பெண்கள் சேலையும் உடுத்துவது வழக்கம். நம்மவருக்கு இதில் சிரமமில்லை. மேல்தளத்திலுள்ள நாகசந்திரேசுவரர் சந்நிதி ஆண்டுக்கு ஒரு நாள், நாகபஞ்சமியன்று மட்டுமே திறக்கும். பன்னிரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை, குரு சிம்ம ராசியில் இருக்கும்போது வரும் சிம்மஸ்த கும்பமேளா 2016இல் நடந்தது, அடுத்தது 2028இல்.

ஊருக்குப் போகும் விடுமுறையில் இரண்டு நாள் மிச்சமிருந்தால் பெற்றோரையும் உடன் அழைத்துச் செல்லலாம். விடுமுறை மறுபடி கிடைக்கும். அவர்களோடு செல்லும் காலம் கிடைப்பது அரிது.